வரிசை

நெல்லை எக்ஸ்பிரஸில் வெயிட்டிங் லிஸ்ட் எண்பத்து நாலு.
விடிந்தால் சென்னையில் வழக்கு.
பேட்டை எடைமேடை ரசீதுக் கட்டோடு நான்தான் சாட்சி.
"பிளேன்ல ஏறிப் போயிரும்வே" என்று
வாகைக்குளத்திலிருந்து டிக்கெட் போட்டுவிட்டார் முதலாளி.
எனக்கு லாரி தெரியும். காலி எடை, பார எடை தெரியும்.
மேலே போகிறது எதுவும் தெரியாது.

பையைக் கட்டும்போது சொர்ணம் கேட்டாள்,
"ஊசிய உள்ள விடுவானாக்கும்?"
அவள் முக்கூடல்காரி.
நாளைக்கு எழுநூறு பீடி சுற்றி
எழுநூறு கழுத்துக்கும் நூல் கட்டும் விரல்.
ஆனால் எனக்குக் குரோஷா சொல்லித் தந்தது அவளில்லை, ஃபோன்.
ராத்திரி ரெண்டு மணி,
ஒரு லாரிக்கும் அடுத்த லாரிக்கும் நடுவில்.
கைக்கு ஏதாவது வேலை கொடும் என்று
ஹைகிரவுண்டு டாக்டர் படத்தை வெளிச்சத்தில் தூக்கிக் காட்டிய
வாரத்தில் ஆரம்பம்.

கணக்கு இதுதான்:
குடிக்காத பீடி ஒன்றுக்கு ஒரு வரிசை.
நாலு விரல் அகலம். நீளத்துக்கு முடிவு வைக்கவில்லை.
மஞ்சள் தீர்ந்தால் ஊதா, ஊதா தீர்ந்தால் பச்சை,
நடுவே ஒரு முழம் சாக்குத் தைக்கிற சணல்கூட உண்டு.
அன்றைக்கு மழை, கடை இல்லை,
கை நடுங்கியது.

"லைட்டர்? தீப்பெட்டி?"
இல்லை என்றேன்.
முப்பத்தோரு வருஷத்தில் என் சட்டைப்பை
அந்தப் பதிலை முதல் தடவையாகச் சொல்லிற்று.
காக்கிப் பெண் தலையைக்கூட நிமிர்த்தவில்லை.
பையைத் திறந்து சுருளைப் பிரித்தாள்.
மேஜை முடிந்தது, சுருள் முடியவில்லை.
தட்டுகளைத் தாண்டி, ஓடும் பட்டையில் ஏறி
மெஷின் வாய்க்குள் தலையை விட்டது.
பின்னால் நின்றவர் கருப்பட்டி மிட்டாய்ப் பெட்டியை
இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றிக்கொண்டார்.

வடக்கத்தித் தமிழில் கேட்டாள்:
"சால்வை?"
இல்லை.
"மஃப்ளர்?"
இல்லம்மா, இது பீடி.

சொல்லியிருக்கக் கூடாது.
பையை மூணு தடவை கவிழ்த்தார்கள்.
செருப்பைக் கழற்றச் சொன்னார்கள்.
ஒரு பெரிய அதிகாரி வந்து கொக்கி ஊசியை
விரல் நுனியில் குத்திப் பார்த்து, மூக்கருகே வைத்து முகர்ந்து,
போகலாம் என்றார்.
கத்தரி மட்டும் போகாது.
சொர்ணம் பீடி இலை வெட்டுகிற கத்தரி அது,
சொல்லாமல் எடுத்து வந்தது.
என்னிடமிருந்து பீடி சம்பந்தமாக
அரசாங்கம் பறித்துக்கொண்டது அது ஒன்றைத்தான்.
காக்கிப் பெண் சுருட்டிக் கொடுத்தாள்,
உள்பக்கம் வெளியே தெரியும்படி.

காற்றாடி விமானம். அடிவயிற்றில் டிராக்டர் ஓடுகிறது.
கீழே உப்பளம் கட்டம் கட்டமாக,
தாமிரபரணி யாரோ பிரித்துப் போட்ட நூலாக.
தலைக்கு மேல் பீடிக்குக் குறுக்கே கோடு போட்ட விளக்கு.
மற்ற விளக்கெல்லாம் அணைந்தும்
அது அணையவில்லை.
பார்த்துக்கொண்டே ஆறு வரிசை போட்டேன்.

பச்சை முடிந்து சிவப்பு தொடங்கும் இடம். வெட்ட வேண்டும்.
பீடியைக் கவ்விக் கவ்விப்
பள்ளம் விழுந்த பல் ஒன்று உண்டு எனக்கு.
நூல் அதில் போய்க் கச்சிதமாக உட்கார்ந்தது.

பக்கத்து இருக்கைப் பெண் காதுக் கருவியைக் கழற்றி
"அங்கிள், எவ்வளவு வெயிட் இருக்கும்?" என்றாள்.
ஆள் பார்த்துக் கேட்டாளே.
ஒருநாள் எடைமேடையில் வைத்தேன்,
அத்தனை மாசத்தையும் மொத்தமாக.
இருபது கிலோவுக்குக் கீழே அது எதையும் மதிக்காது.
சுழியம் காட்டியது.
ரசீது போட்டு வைத்திருக்கிறேன்.

இறங்கும்போது பதினோரு வரிசை கூடியிருந்தது.
நாளைக்கு வழக்கு முடிந்த கையோடு
பாரிமுனையில் விசாரிக்க வேண்டும்,
இலை வெட்டுகிற கத்தரி
இந்த ஊரில் கிடைக்குமா என்று.